கணக்கு மென்பொருளை மாற்றும் முன்: ஒரு சிறு பதிப்பகத்தின் அனுபவம்

மதுரையில் நாங்கள் நடத்திவரும் சிறிய பதிப்பகத்தின் விற்பனைக் கணக்கு, 1996 முதல் இன்றுவரை நான்கு மென்பொருள்களில் இருந்திருக்கிறது. முதலாவது, விண்டோஸுக்கு முந்தைய டாஸ் திரையில் ஓடிய, ஃபாக்ஸ்புரோ என்னும் தரவுத்தள மென்பொருளில் எழுதிய நிரல். இரண்டாவது விண்டோஸுக்காக விஷுவல் பேசிக் 6 என்ற நிரல்மொழி கொண்டு எழுதப்பட்டது. மூன்றாவது மாதச் சந்தா கட்டி உலாவியில் பயன்படுத்திய இணையச் செயலி. நான்காவது, இப்போது எங்கள் பெயரிலேயே எழுதி வாங்கி வைத்திருப்பது. ஒவ்வொரு மாற்றத்திலும் பணம் செலவானது என்றாலும், மூன்றாவதிலிருந்து வெளியே வரும்போது பட்ட பாடு வேறு எதிலும் பட்டதில்லை. தரவு மாற்றுக் கூலி, தட்டச்சுக் கூலி, இரண்டு இடத்துக்கும் ஒரே நேரத்தில் கட்டிய கட்டணம், கணக்கு இல்லாததால் வசூலிக்க முடியாமல் போன கடைப் பாக்கிகள் எல்லாம் சேர்ந்து ஏறத்தாழ இரண்டே கால் லட்சம் ரூபாய் போயிற்று. ஓராண்டின் பெரும்பகுதி புதிய நூல் எதையும் கொண்டுவர முடியாமல் கழிந்தது. எங்களைப் போன்ற கடைக்காரர்களும் அச்சகத்தாரும் இதே வழியில் வந்துகொண்டிருப்பதைப் பார்க்கிறேன். அப்போது எனக்குச் சொல்ல ஆளில்லாமல் போனவற்றை அவர்களுக்காக எழுதுகிறேன்.

ஃபாக்ஸ்புரோ காலத்தைப் பற்றி எனக்கு இன்றும் மதிப்பு உண்டு. சுட்டி கிடையாது; எல்லாம் விசைப்பலகைதான். நூல் எண்ணைத் தட்டி, பிரதி எண்ணிக்கையைத் தட்டி, கழிவைத் தட்டினால் டாட் மேட்ரிக்ஸ் அச்சுப்பொறியில் பில் வந்துவிடும். பிற்காலத்தில் எந்த மென்பொருளும் அந்த வேகத்தைத் தரவில்லை. ஃபாக்ஸ்புரோவை உருவாக்கிய ஃபாக்ஸ் சாஃப்ட்வேர் நிறுவனத்தை மைக்ரோசாஃப்ட் 1992இல் வாங்கியது. ஃபாக்ஸ்புரோவின் பிற்கால வடிவமான விஷுவல் ஃபாக்ஸ்புரோவுக்கான ஆதரவு 2015 ஜனவரியோடு முடிந்தது. ஆனால் பழைய கணக்கைத் திறப்பதில் எங்களுக்கு நெருக்கடி வந்தது அதற்கும் முன்பே, 64 பிட் விண்டோஸ் கொண்ட புதிய கணினி கடைக்கு வந்த நாளில். 32 பிட் விண்டோஸ் தனக்குள் டாஸ் நிரல்களை ஓட்ட ஓர் ஏற்பாடு வைத்திருந்தது. 64 பிட்டில் அந்த ஏற்பாடு இல்லை. விண்டோஸ் 11 முழுக்கவே 64 பிட்தான். பழைய ஆண்டுக் கணக்கைத் திறந்து பார்க்கக்கூட வழியில்லை என்று பலர் கைவிட்டுவிடுகிறார்கள். அப்படி விட வேண்டியதில்லை. டாஸ்பாக்ஸ் என்னும் இலவச மென்பொருளுக்குள் அந்த நிரலை ஓட்டலாம். நிரலே வேண்டாம், தரவு மட்டும் போதும் என்றால் ஃபாக்ஸ்புரோ தரவு இருக்கும் டிபிஎஃப் கோப்புகளை லிப்ரே ஆபிஸ் என்னும் இலவச அலுவலக மென்பொருள் நேரடியாகத் திறக்கும்.

அப்படித் திறப்பதற்கு முன் இரண்டு செய்திகளைத் தெரிந்துகொள்ளுங்கள். ஃபாக்ஸ்புரோவில் நீண்ட குறிப்புகள் டிபிஎஃப் கோப்பில் இருப்பதில்லை. அதே பெயரில் எஃப்பிடி என்ற வாலுடன் பக்கத்தில் இன்னொரு கோப்பு இருக்கும். அதைச் சேர்த்து நகலெடுக்காவிட்டால் குறிப்புகள் அத்தனையும் போய்விடும். அடுத்தது, டிபிஎஃப் கோப்பில் ஒரு பதிவை நீக்கினால் அது உடனே அழிவதில்லை. நீக்கப்பட்டது என்று ஒரு நட்சத்திரக் குறி மட்டும் விழும். 'பேக்' என்ற கட்டளை கொடுக்கும்வரை பதிவு உள்ளேயே கிடக்கும். சில மாற்றுக் கருவிகள் அந்தக் குறியைப் பொருட்படுத்துவதில்லை. எங்களுக்கு 1998ஆம் ஆண்டில் ரத்து செய்த பில்கள் எல்லாம் உயிர்பெற்று வந்து, விற்பனைத் தொகையைக் கூட்டிக் காட்டின. அது ஏன் என்று கண்டுபிடிப்பதற்குள் எனக்கு எங்கள் பழைய கணக்கின் மீதே சந்தேகம் வந்துவிட்டது.

2005இல் விஷுவல் பேசிக்குக்கு மாறியதற்கு ஒரே காரணம் தமிழ். அதுவரை நூல் தலைப்புகளை ஆங்கில எழுத்தில்தான் பதிந்துவந்தோம். புதிய நிரலில் தமிழிலேயே தலைப்பு தெரிந்தபோது எங்கள் வீட்டில் எல்லோரும் வந்து பார்த்தார்கள். ஆனால் விஷுவல் பேசிக் 6இன் சொந்தப் பெட்டிகளும் பொத்தான்களும் எல்லா மொழிகளுக்கும் பொதுவான எழுத்துக் குறியீடாகிய ஒருங்குறியைக் (யுனிகோடு) காட்டத் தெரியாதவை. ஆகவே அந்தக் காலத்து நிரலாளர்கள் எல்லோரும் செய்ததைப் போல, எங்கள் நிரலாளரும் ஐரோப்பிய எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களை வைத்த 8 பிட் தமிழ் எழுத்துரு (ஃபான்ட்) ஒன்றைப் பயன்படுத்தினார். இந்த வகைக் குறியீடுகளுக்கென்றே, 1999இல் சென்னையில் நடந்த தமிழ்நெட் 99 மாநாட்டை ஒட்டித் தமிழக அரசு டாம், டாப் என்ற தரங்களை அறிவித்திருந்தது. அவை தவிர ஒவ்வொரு எழுத்துரு நிறுவனத்துக்கும் தனித்தனிக் குறியீடும் இருந்தது. அரசே ஒருங்குறியைத் தரமாக ஏற்றது 2010இல்தான். ஆகவே அந்த இடைக்காலத்தில் தமிழில் தரவு பதிந்த எவரிடமும் இன்று இருப்பது, எழுத்துரு இல்லாவிட்டால் மேலே புள்ளியும் கோடும் கொண்ட ஐரோப்பிய எழுத்துகளாகத் தெரியும் குவியல்தான். உங்கள் பழைய நிரல் எந்த எழுத்துருவில் ஓடியதோ அந்த எழுத்துருக் கோப்பை முதலில் பத்திரப்படுத்துங்கள். எழுத்துருவின் பெயர் தெரியாமல் போனால் எந்தக் குறியீடு என்பதைக் கண்டறிவதே ஒரு தனி வேலையாகிவிடும்.

அந்த நிரல் நன்றாகவே உழைத்தது. 2007 ஜனவரி 1 முதல் நூல்களுக்கான உலக அடையாள எண்ணான ஐஎஸ்பிஎன் 10 இலக்கத்திலிருந்து 13 இலக்கமாக மாறியபோது, நிரலாளர் ஒரு மாலையில் வந்து கட்டத்தின் அகலத்தைக் கூட்டிக் கொடுத்துவிட்டுப் போனார். 2017 ஜூலையில் ஜிஎஸ்டி வந்தபோது அவர் வெளிநாட்டில் வேலையில் இருந்தார். அச்சிட்ட புத்தகத்துக்கு வரியில்லை. நாங்கள் சேர்த்து விற்கும் டைரிக்கு வரி உண்டு. இந்த வேறுபாட்டை பில்லில் கொண்டுவர நிரலைத் திருத்தியாக வேண்டும். எங்களிடம் இருந்ததோ தொகுக்கப்பட்ட இயங்குகோப்பு மட்டுமே. அதைத் திறந்து திருத்த முடியாது. திருத்துவதற்கு வேண்டிய மூல நிரல் அவருடைய பழைய கணினியோடு போய்விட்டிருந்தது. டைரிக்கு மட்டும் கையால் பில் எழுதிக்கொண்டு, இரண்டு கணக்கையும் இரவில் சேர்த்துப் பார்த்த அந்த மாதங்களில் எனக்குக் கணினியின் மீதே வெறுப்பு வந்தது.

அப்போதுதான் சட்டத்தையும் படித்தேன். இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957, கணினி நிரலை இலக்கியப் படைப்பு என்ற வகையில் சேர்க்கிறது. பதினேழாவது பிரிவின்படி, நம்மிடம் வேலைக்கு இருக்கும் ஊழியர் எழுதியது நமக்குச் சேரும்; வெளியாள் ஒருவரிடம் கூலி கொடுத்து எழுதி வாங்கிய நிரலுக்கு, எழுத்துமூலமாக உரிமை மாற்றம் செய்யாதவரை, எழுதியவரே உரிமையாளர். பத்தொன்பதாவது பிரிவின்படி அந்த மாற்றம் கையொப்பத்துடன் எழுத்தில் இருக்க வேண்டும். காலவரை குறிப்பிடாவிட்டால் ஐந்தாண்டு என்றே கொள்ளப்படும். எழுத்தாளர்களிடம் ஒப்பந்தம் எழுதி வாங்கும் பதிப்பாளர்களுக்கு இந்தப் பிரிவுகள் பழகியவை. மென்பொருளுக்கும் அதே தாளை எழுதுங்கள்: மூல நிரல் முழுவதையும் ஒப்படைக்க வேண்டும், உரிமை முழுக் காலத்துக்கும் மாற்றப்படுகிறது, நிரலோடு சேர்த்துப் பயன்படுத்திய பிறரது துணைக்கோப்புகளின் பட்டியலும் அவற்றின் நிறுவற்கோப்புகளும் தரப்பட வேண்டும் என்ற மூன்று வரிகள் போதும்.

2019இல் இணையச் செயலிக்கு மாறினோம். அந்த முடிவுக்கு நியாயம் இருந்தது. இணையப் பக்கம் என்பது ஒரு காலத்தில் ஒவ்வொரு சொடுக்குக்கும் முழுப்பக்கமும் மறுபடி வந்திறங்கும் ஒன்றாக இருந்தது. அதில் யாரும் பில் போட முடியாது. 1999இல் மைக்ரோசாஃப்டின் உலாவியான இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5இல் வந்த ஒரு வசதி, பக்கம் அப்படியே இருக்கப் பின்னணியில் சர்வரிடமிருந்து தரவை மட்டும் வாங்க வழிசெய்தது. 2004இல் ஜிமெயிலும் அடுத்த ஆண்டு கூகுள் மேப்ஸும் அதைக்கொண்டு என்ன செய்யலாம் என்று காட்டின; 2005இல் ஜெஸ்ஸி ஜேம்ஸ் காரெட் அதற்கு அஜாக்ஸ் என்று பெயர் வைத்தார். சென்னையிலிருந்து ஜோஹோவின் ரைட்டர் என்னும் இணைய எழுதுகருவி வந்ததும் அதே ஆண்டில்தான். நாங்கள் மாறியபோது பில், இருப்பு, வரி எல்லாம் உலாவிக்குள் முதிர்ந்துவிட்டிருந்தன. நிறுவ வேண்டியதில்லை, ஜிஎஸ்டி விதி மாறினால் அவர்களே மாற்றிவிடுவார்கள். 2020 பொதுமுடக்கத்தில் கடை பூட்டிக் கிடந்தபோது வீட்டிலிருந்தே அஞ்சல் ஆணைகளுக்கு பில் போட முடிந்தது. அந்த உதவியை நான் மறைக்க விரும்பவில்லை.

முதல் உரசல் சென்னைப் புத்தகக் காட்சியில் வந்தது. விடுமுறை நாள் மாலைகளில் அரங்குகளுக்குள் அவ்வளவு கூட்டம் கூடும்போது கைப்பேசி இணைப்பு திணறும். எங்கள் செயலி இணைப்பில்லாமலும் இயங்கும் என்று சொல்லியிருந்தார்கள். திரை திறந்தது, நூற்பட்டியல் தெரிந்தது, ஆனால் போட்ட பில் எதுவும் சேமிக்கப்படவில்லை. உலாவிச் செயலிகளில் இணைப்பற்ற இயக்கம் என்பது இரண்டு தனி வேலைகள். பக்கத்தை உலாவிக்குள் வைத்திருப்பது ஒன்று. புதிதாகப் பதிந்த தரவை உலாவியின் உள்தரவுத்தளத்தில் வைத்திருந்து, இணைப்பு வந்ததும் அனுப்புவது மற்றொன்று. முதலாவதை மட்டும் செய்துவிட்டு இரண்டையும் செய்ததாகச் சொல்லும் செயலிகள் உண்டு. நீங்கள் வாங்கும் முன், கைப்பேசியையும் கணினியையும் இணைப்பிலிருந்து துண்டித்து, பில் போட்டு, உலாவியை முழுக்க மூடித் திறந்து, பிறகு இணைப்பைக் கொடுத்துப் பாருங்கள். பில் சர்வருக்குப் போய்ச் சேர்ந்தால்தான் அது உண்மை. இரண்டு கவுன்ட்டர்கள் இருந்தால் இன்னொன்றையும் பார்க்க வேண்டும்: இணைப்பில்லாத நேரத்தில் இரண்டும் ஒரே பில் எண்ணைப் போட்டுவிடக் கூடும். ஜிஎஸ்டி விதிகளின்படி பில் எண் 16 எழுத்துக்குறிகளுக்கு மிகாமல், நிதியாண்டுக்குள் தனித்ததாகவும் தொடர்ச்சியாகவும் இருக்க வேண்டும்; ஆனால் ஒன்றுக்கு மேற்பட்ட வரிசைகள் வைத்துக்கொள்ளலாம். கவுன்ட்டருக்கு ஒரு முன்னெழுத்துக் கொடுத்துவிட்டால் இந்தச் சிக்கல் எழாது.

பிறகு, சேவையை நிறுத்தப்போவதாகவும் தொண்ணூறு நாளுக்குள் தரவை இறக்கிக்கொள்ளுமாறும் ஒரு மின்னஞ்சல் வந்தது. பெரிய நிறுவனங்களே இப்படிச் செய்திருக்கின்றன. கூகுள் தன்னுடைய ரீடர் சேவையை 2013 மார்ச்சில் அறிவித்து ஜூலை 1இல் மூடியது. ஆகவே அறிவிப்பு எனக்கு அதிர்ச்சி தரவில்லை. இறக்கிய கோப்புகளைத் திறந்தபோதுதான் அதிர்ந்தேன். வாடிக்கையாளர் பட்டியல், எக்செல் போன்றவற்றில் திறக்கும் எளிய அட்டவணைக் கோப்பான சிஎஸ்வியாக வந்தது. நூற்பட்டியலும் அப்படியே. பில்களும் வந்தன, ஆனால் பில் எண், தேதி, வாடிக்கையாளர், மொத்தத் தொகை ஆகியவை மட்டும். எந்தப் பில்லில் எந்த நூல் எத்தனை பிரதி என்ற வரிகள் எந்தக் கோப்பிலும் இல்லை. அவை வேண்டுமென்றால் ஒவ்வொரு பில்லையும் தனித்தனி பிடிஎஃப் ஆக இறக்கிக்கொள்ளலாம் என்றார்கள்.

பதிப்பகத்துக்கு அந்த வரிகள்தான் கணக்கு. நூல்வாரியாக எத்தனை பிரதி விற்றது என்று தெரியாமல் ஓர் எழுத்தாளருக்கும் ராயல்டி கணக்குக் கொடுக்க முடியாது. எங்கள் எழுத்தாளர்களில் பாதிப்பேர் மறைந்துவிட்டார்கள். அவர்களின் மனைவிக்கோ பிள்ளைகளுக்கோதான் கணக்கு அனுப்புகிறோம். அப்படி ஓர் அம்மா தொலைபேசியில், "தம்பி, இந்த வருஷம் கணக்கு எப்போ வரும்?" என்று கேட்டபோது, தொகையைச் சொல்ல முடியவில்லை என்பதைவிட, கணக்கே இல்லை என்று சொல்ல நேர்ந்ததுதான் எனக்குத் தாளவில்லை. ராயல்டி விஷயத்தில் பதிப்பாளர்கள் மீது பொதுவாகவே உள்ள சந்தேகத்துக்கு நாங்களும் ஆளாகிவிடுவோமோ என்று பல இரவுகள் தூங்காமல் கிடந்திருக்கிறேன். கடைசியில் முன்பணமாக ஒரு தொகையை எல்லோருக்கும் அனுப்பிவிட்டு, கணக்கு பின்னால் வரும் என்று கடிதம் எழுதினேன்.

பிடிஎஃப்களிலிருந்து வரிகளை மீட்ட கதையைச் சற்று விரிவாகச் சொல்கிறேன். இதே நிலையில் இருப்பவர்களுக்கு இது பயன்படும். பிடிஎஃப் என்பது பக்கத்தில் எந்த வடிவம் எந்த இடத்தில் என்று சொல்லும் கோப்பு. தமிழ் அதில் கண்ணுக்குச் சரியாகத் தெரிந்தாலும், நகலெடுத்து ஒட்டினால் கொம்பும் காலும் இடம்மாறியோ சில எழுத்துகள் தொலைந்தோ வரும். எங்கள் பில்களில் தலைப்பு அப்படித்தான் வந்தது. எண்கள் மட்டும் பிழையில்லாமல் வந்தன. அதனால் தலைப்பை விட்டுவிட்டு, ஒவ்வொரு வரியிலும் இருந்த ஐஎஸ்பிஎன் எண், பிரதி எண்ணிக்கை, தொகை ஆகியவற்றை மட்டும் ஒரு சிறு நிரல் கொண்டு பிரித்தெடுத்து, நூற்பட்டியலோடு ஐஎஸ்பிஎன் வழியே பொருத்தினோம். ஐஎஸ்பிஎன் இல்லாத பழைய சிறுநூல்களை மட்டும் இரண்டு கல்லூரி மாணவர்கள் பார்த்துத் தட்டச்சு செய்தார்கள். உங்கள் தொழிலில் எந்தப் பொருளுக்கும் எண் வடிவில் ஓர் அடையாளம் கொடுத்து, அது பில்லில் அச்சாகும்படி வைத்திருந்தால், நெருக்கடியில் அதைப் பிடித்துக்கொண்டு மீண்டுவிடலாம். ஓர் எச்சரிக்கையும் உண்டு: சிஎஸ்வி கோப்பை எக்செல்லில் நேரடியாக இருமுறை சொடுக்கித் திறந்தால் 13 இலக்க எண் 9.78 என்று தொடங்கும் சுருக்க வடிவமாகிவிடும். அப்படியே சேமித்தால் கடைசி இலக்கங்கள் திரும்பக் கிடைக்காது. தமிழும் குழம்பித் தெரியலாம். தரவு இறக்குமதி வழியாகச் சென்று, ஒருங்குறிக்கான யுடிஎஃப்-8 என்று தேர்ந்து, எண் உள்ள நெடுவரிசையை எழுத்து என்று குறித்த பிறகே திறக்க வேண்டும்.

அதே வேளையில் 2005 முதல் 2019 வரையான பழைய தரவையும் ஒருங்குறிக்கு மாற்றினோம். எழுத்துரு மாற்றிகள் இலவசமாகவே கிடைக்கின்றன. ஆனால் அவை தரும் விளைவை அப்படியே நம்ப முடியாது. பழைய எழுத்துருவில் 'கோ' என்பது இரட்டைக்கொம்பு, க, துணைக்கால் என்று கண்ணில் தெரியும் வரிசையில் மூன்று குறிகளாக இருக்கும். ஒருங்குறியில் மெய்யெழுத்து முதலில், உயிர்க்குறி பின்னால். அந்த உயிர்க்குறியையும் ஒரே குறியாகவும் வைக்கலாம், இரட்டைக்கொம்பும் துணைக்காலுமாக இரண்டு குறியாகவும் வைக்கலாம். திரையில் வேறுபாடு தெரியாது. நாங்கள் மாற்றிய தரவில் இரண்டு குறி, புதிதாகத் தட்டச்சு செய்த தலைப்புகளில் ஒரு குறி. விளைவு, 'கோயில்' என்று தேடினால் பாதி நூல்களே வந்தன. தரவு முழுவதையும், ஒரே எழுத்தின் வேறு வேறு பதிவுகளை ஒன்றாக்கும் ஒருங்குறியின் என்எஃப்சி இயல்பாக்கத்துக்கு உட்படுத்தினால் இது தீரும். நிரலாளரிடம் இந்தப் பெயரைச் சொன்னாலே போதும். இயல்பாக்கத்தாலும் தீராதவை உண்டு. 'ஔவையார்' என்று ஔகாரத்தில் தொடங்க வேண்டியதை 'ஒ'வும் 'ள'வும் சேர்த்து அடித்திருப்பார்கள். 'ஸ்ரீ' என்பதற்கு இரண்டு வேறு எழுத்துத் தொடர்கள் புழக்கத்தில் உள்ளன. இவற்றுக்குப் பட்டியல் போட்டுத்தான் திருத்த வேண்டும். எங்கள் நூல்களில் கொம்பு, ஔகாரம், கிரந்தம், ஆங்கிலம் கலந்த கடினமான தலைப்புகளாக இருநூறைப் பொறுக்கி, ஒவ்வொரு மாற்றத்துக்குப் பிறகும் அவற்றை மட்டும் கண்ணால் சரிபார்த்தோம். தொகைகளுக்கு வேறு சோதனை: மாற்றுவதற்கு முன்பே ஆண்டுவாரியாக பில் எண்ணிக்கை, விற்ற பிரதிகள், மொத்தத் தொகை ஆகியவற்றை ஒரு தாளில் எழுதிக் கையொப்பமிட்டு வைத்துவிட்டு, மாற்றிய பிறகு ஒப்பிட்டோம். ரத்தான பழைய பில்கள் உயிர்பெற்றதைக் காட்டிக்கொடுத்ததும் அந்தத் தாள்தான்.

டாஸ் காலத்தில் தரவு எங்கள் கணினியிலேயே இருந்தது, திறக்கும் நிரல் ஓடவில்லை. விண்டோஸ் காலத்தில் நிரல் ஓடியது, எழுத்து எழுத்துருவுக்குள் அடைபட்டிருந்தது, மூல நிரல் எங்களிடம் இல்லை. இணையக் காலத்தில் எழுத்தும் சரி, நிரலும் புதியது. தரவு மட்டும் எங்களிடம் இல்லை. பூட்டு இடம் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. ஆகவே மேசைக்கணினி மென்பொருள் நல்லதா இணையச் செயலி நல்லதா என்று என்னிடம் கேட்பவர்களுக்கு, இரண்டில் எதுவானாலும் சரி, அதன் பூட்டு எங்கே இருக்கிறது என்று முதலில் பாருங்கள் என்பதே என் பதில். சோதனை மாதத்திலேயே பத்து பில் போட்டு, முழுத் தரவையும் இறக்கி, அதை மட்டும் வைத்துக்கொண்டு உங்கள் தொழிலுக்கு இன்றியமையாத ஒரு கணக்கைத் தயாரித்துப் பாருங்கள். எங்களுக்கு அது ராயல்டி கணக்கு. மருந்துக் கடைக்குக் காலாவதித் தேதிவாரி இருப்பாக இருக்கலாம். தயாரிக்க முடியவில்லை என்றால், செயலி எவ்வளவு அழகாக இருந்தாலும் அதில் நுழைய வேண்டாம். குறிப்பிட்ட ஒரு பழைய உலாவியிலோ உலாவியோடு தனியாகச் சேர்க்க வேண்டிய சிறப்புச் செருகியோடோதான் ஓடும் என்றாலும் விலகிவிடுங்கள். உலாவிக்குள் ஓடும் சிறுநிரல்களான ஜாவா ஆப்லெட்டுகளை ஓட்டிய செருகி வசதியை குரோம் 2015இல் நீக்கியது, ஃபிளாஷ் 2020 முடிவோடு நின்றது, இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 11 2022 ஜூனில் ஓய்ந்தது. ஜிஎஸ்டி சட்டம் கணக்கேடுகளை ஆண்டறிக்கையின் கடைசித் தேதியிலிருந்து 72 மாதம் பாதுகாக்கச் சொல்கிறது. சந்தா நின்ற பிறகும் அத்தனை காலம் தரவைப் படிக்க முடியுமா என்று எழுத்தில் கேளுங்கள்.

இப்போது எங்கள் பில் உலாவியில்தான் ஓடுகிறது; சர்வரோ கடையிலுள்ள ஒரு சிறு கணினி. உள்ளூர் இளைஞர்கள் இருவர் எழுதினார்கள். மூல நிரலும் உரிமையும் எங்கள் பெயருக்கு எழுதப்பட்டுள்ளன. இணையம் அறுந்தாலும் கடைக்குள் பில் நிற்காது. அச்சிடுவதற்கு மட்டும் ஒரு தனிச் சிறுநிரல் தேவைப்பட்டது. உலாவி தானாகவே அச்சுப்பொறியோடு பேசாது என்பதை நிரலாளரிடம் செலவு மதிப்பீடு கேட்கும்போதே சொல்லிவிடுங்கள், இல்லையென்றால் பிறகு தனிச்செலவாக வரும். நிதியாண்டு முடிந்ததும் முழுத் தரவையும் சிஎஸ்வியாகவும் ஸ்கியூலைட் (SQLite) என்னும் ஒற்றைக்கோப்புத் தரவுத்தளமாகவும் எழுதி இரண்டு ஊர்களில் வைக்கிறோம். ஸ்கியூலைட்டைத் தேர்ந்ததற்குக் காரணம், அதை உருவாக்கியவர்கள் 2050 வரை ஆதரிக்கும் எண்ணத்தை வெளியிட்டிருப்பதும், அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் தரவுப் பாதுகாப்புக்குப் பரிந்துரைக்கும் வடிவங்களில் அதுவும் ஒன்று என்பதும். காலாண்டுக்கு ஒருமுறை, காப்புப் பிரதியை வேறொரு கணினியில் ஏற்றி, ஏதேனும் ஓர் எழுத்தாளரின் ராயல்டி கணக்கை அதிலிருந்து அச்சிட்டுப் பார்க்கிறோம்.

நிலுவையில் இருந்த ராயல்டி கணக்குகள் எல்லாம் விவரத்துடன் போய்ச் சேர்ந்துவிட்டன. கடைகளுக்கு விற்பனைக்காகக் கொடுத்திருந்த பிரதிகளில் ஒரு பகுதியின் கணக்கு மட்டும் இன்னும் நேராகவில்லை. கடைக்காரர்கள் பலர் தங்கள் பதிவேட்டைப் பார்த்து நேர்மையாகச் சொன்னார்கள். பதிவேடு இல்லாத கடைகளின் பாக்கியைக் கழித்து எழுதிவிட்டோம். பிரதிகளைக் கடைக்குக் கொடுக்கும்போது மென்பொருளில் பதிவதோடு, இரண்டு கையொப்பத்துடன் ஒரு தாள் ரசீதையும் இப்போது போட்டு வைக்கிறோம்.